வீரரைத் தேர்ந்தெடுத்தால் போதுமா? வளர்க்க வேண்டாமா?

விளையாட்டு உலகில் ஒரு வழக்கம் உண்டு. ஆடி ஓய்ந்த வீரருக்கு ஒரு நாற்காலி போட்டுக் கொடுப்பார்கள். அந்த நாற்காலிக்கு ஒரு பெரிய பெயரும் சூட்டுவார்கள். விழா நாட்களில் அவர் முன்வரிசையில் உட்காருவார். மற்ற நாட்களில் அவரை யாரும் தேட மாட்டார்கள்.

அமெரிக்கத் தலைநகரான வாஷிங்டனின் தொழில்முறைக் கால்பந்துக் குழு, 2018-ம் ஆண்டில் தன் பழைய ஆட்டக்காரர் டக் வில்லியம்சை "வீரர் வளர்ச்சி"ப் பிரிவின் மூத்த துணைத் தலைவராக நியமித்தது. இதையும் அப்படி ஒரு நாற்காலி என்றே பலருக்கும் எண்ணத் தோன்றும். காரணம் இருக்கிறது. அதற்கு முந்திய ஆண்டு, 2017-ல், அவருக்குத் தரப்பட்டிருந்த பொறுப்பு வேறு. வீரர்களைத் தேர்வு செய்யும் பிரிவின் மூத்த துணைத் தலைவர் என்பது அப்போது அவர் பதவி. யாரை எடுப்பது, யாரை விடுவது என்று பேசும் இடத்தில் இருந்தவரை, எடுத்த வீரர்களின் வாழ்க்கையைக் கவனிக்கும் இடத்துக்கு மாற்றினார்கள்.

தேர்வு செய்பவருக்கு அதிகாரம் உண்டு. அவர் பெயர் பத்திரிகைகளில் அடிபடும். வளர்ப்பவருக்கு என்ன உண்டு? ஒரு வீரர் கடனில் சிக்காமல் இருந்தால் அது செய்தியாகுமா? ஒருவர் குடும்பம் சிதறாமல் இருந்தால் அதற்குக் கோப்பை தருவார்களா?

ஆகவே இந்த மாற்றம் பதவி உயர்வா, ஓரங்கட்டலா என்று கேட்பது இயல்பு. ஆனால் அதைவிடப் பெரிய கேள்வி ஒன்று இருக்கிறது. இரண்டில் எது பெரிய வேலை? வீரரைப் பொறுக்கி எடுப்பதா, எடுத்தவரை மனிதராக வளர்த்து அனுப்புவதா?

வில்லியம்சின் வாழ்க்கையைப் பார்த்தால், இரண்டாவதுதான் பெரிய வேலை என்பது விளங்கும்.

கையால் ஆடும் கால்பந்து

அமெரிக்கக் கால்பந்து என்பது பெயரளவில்தான் கால்பந்து. பெரும்பாலும் கையால் ஆடப்படுவது. பந்து உருண்டை அல்ல. இருமுனையும் கூம்பிய நீள்வட்டம். ஒரு பக்கத்துக்கு 11 பேர். நான்கு முயற்சிக்குள் பத்து கஜ தூரமாவது பந்தை முன்னே கொண்டுபோக வேண்டும். முடியாவிட்டால் பந்து எதிர்க் குழுவுக்குப் போய்விடும்.

இதில் "குவார்ட்டர்பேக்" என்பவர்தான் குழுவின் மூளை. ஒவ்வொரு முயற்சியிலும் பந்து முதலில் அவர் கைக்கு வரும். எறிவதா, ஓடுகிறவரிடம் கொடுப்பதா என்பதை இரண்டு மூன்று வினாடிக்குள் அவர் முடிவு செய்தாக வேண்டும். அதற்குள் எதிர்க் குழுவினர் நாலைந்து பேர் அவரை வீழ்த்த மோதிக்கொண்டு வருவார்கள்.

குழுவுக்குக் கட்டளையிடும் இந்த இடத்தை, அமெரிக்கத் தொழில்முறை ஆட்டத்தில் நெடுங்காலம் கறுப்பினத்தவருக்குக் கொடுக்க மறுத்தார்கள். ஓடுவதற்கும் தாவுவதற்கும் அவர்கள் வேண்டும். சிந்திப்பதற்கும் தலைமை தாங்குவதற்கும் வேண்டாம் என்பதே எழுதப்படாத சட்டம். கல்லூரியில் குவார்ட்டர்பேக்காக ஆடிப் புகழ் பெற்ற கறுப்பின இளைஞர்களைக்கூடத் தொழில்முறைக் குழுவில் சேர்ந்ததும் வேறு இடத்துக்கு மாற்றிவிடுவார்கள்.

இந்தச் சூழ்நிலையில்தான் டக் வில்லியம்ஸ் வந்தார். 1955-ம் ஆண்டு லூசியானா மாநிலத்தில் சாக்கரி என்ற ஊரில் பிறந்தவர். கறுப்பினத்தவருக்கென்று ஏற்பட்ட கிராம்ப்ளிங் கல்லூரியில் படித்து ஆடினார்.

மணியடித்து எழுப்பிய ஆசான்

கிராம்ப்ளிங்கில் அவருக்குப் பயிற்சி கொடுத்தவர் எட்டி ராபின்சன். 1941 முதல் 1997 வரை ஒரே கல்லூரியில் பயிற்சியாளராக இருந்தவர். 408 வெற்றிகளைக் கண்டவர். அவர் கையில் வளர்ந்த 200-க்கும் மேற்பட்டவர்கள் தொழில்முறைக் குழுக்களுக்குப் போனார்கள்.

ஆனால் ராபின்சனைப் பற்றிப் பேசும் பழைய மாணவர்கள் முதலில் சொல்வது வெற்றிக் கணக்கை அல்ல. காலையில் கையில் ஒரு மணியை எடுத்துக்கொண்டு விடுதியில் அறை அறையாகப் போவாராம். வகுப்புக்கு எழுந்திரு, தேவாலயத்துக்கு எழுந்திரு என்று அடித்து எழுப்புவாராம். வெளியூர் போனால் கோட்டும் டையும் அணிந்து போகவேண்டும். சாப்பாட்டு மேசையில் எப்படி உட்கார வேண்டும் என்பது வரை சொல்லிக் கொடுத்தார். பட்டம் வாங்காமல் போவதை அவர் விரும்பியதில்லை.

"வீரர் வளர்ச்சி" என்ற பதவிப் பெயரை அந்நாளில் யாரும் கேள்விப்பட்டதில்லை. வேலை மட்டும் நடந்துகொண்டிருந்தது. பெயர் பிறகு வந்தது. பெயர் வந்த பிறகு வேலை நடக்கிறதா என்பதுதான் இன்றையக் கேள்வி.

1978-ல் தொழில்முறைக் குழுக்கள் ஆள் எடுக்கும் நேரம் வந்தது. டாம்பா பே பக்கனீர்ஸ் குழுவின் பயிற்சியாளர்களில் ஒருவரான ஜோ கிப்ஸ் கிராம்ப்ளிங்குக்கே நேரில் போனார். வில்லியம்ஸ் எறிவதைப் பார்த்தார். உட்கார்ந்து பேசினார். எந்த வகை மனிதர் என்று எடை போட்டார். திரும்பி வந்து, இவரை எடுக்கலாம் என்று சொன்னார். முதல் சுற்றில் 17-வது ஆளாக வில்லியம்ஸ் எடுக்கப்பட்டார்.

குறைந்த கூலி, நிறைந்த உழைப்பு

டாம்பா பே அப்போது நகைப்புக்கு இடமான குழு. 1976-ல் தொடங்கிய அந்தக் குழு, முதல் 26 ஆட்டங்களிலும் வரிசையாகத் தோற்றது. வில்லியம்ஸ் வந்த மறு ஆண்டே, 1979-ல், அது தன் பிரிவின் இறுதிப் போட்டி வரை போய்விட்டது. 1981-லும் 1982-லும் மறுபடி உயர்நிலைச் சுற்றுக்குத் தகுதி பெற்றது.

இத்தனையும் செய்தவருக்குச் சம்பளம் எவ்வளவு? ஆண்டுக்கு 1 லட்சத்து 20 ஆயிரம் டாலர். மற்றக் குழுக்களில் உட்கார்ந்து வேடிக்கை பார்த்த மாற்று ஆட்டக்காரர்களில் பலர் இதைவிட அதிகம் வாங்கினார்கள்.

ஒப்பந்தம் முடிந்ததும் அவர் 6 லட்சம் கேட்டார். குழுவின் உரிமையாளர் 4 லட்சத்துக்கு மேல் ஏற மறுத்தார். அந்த நேரத்தில், 1983 ஏப்ரலில், வில்லியம்சின் மனைவி மூளை நோயால் திடீரென்று காலமானார். கைக்குழந்தையோடு நின்றார் வில்லியம்ஸ். பேச்சு முறிந்தது. அவர் டாம்பாவை விட்டு வெளியேறினார்.

அதன் பிறகு அந்தக் குழுவுக்கு என்ன ஆயிற்று? 1983 முதல் 1996 வரை 14 ஆண்டுகள், ஓர் ஆண்டில்கூடத் தோல்வியைவிட வெற்றி அதிகம் என்ற நிலையை அது எட்டவில்லை. 2 லட்சம் டாலரை மிச்சம் பிடிக்கப் பார்த்தவர்கள் இழந்தது எவ்வளவு என்பதை வாசகர்களே கணக்கிட்டுக் கொள்ளலாம்.

வில்லியம்ஸ் புதிதாகத் தோன்றிய ஒரு போட்டி லீக்கில் இரண்டு ஆண்டு ஆடினார். அந்த லீக்கும் மூடப்பட்டது. 1986-ல் அவர் வீட்டில் சும்மா இருக்கும் நிலை வந்தபோது, மறுபடி அழைத்தவர் அதே ஜோ கிப்ஸ்தான். கிப்ஸ் அப்போது வாஷிங்டன் குழுவின் தலைமைப் பயிற்சியாளர். "முதல் ஆளாக எடுக்க முடியாது, மாற்று ஆளாக வருகிறாயா?" என்பதே பேச்சு. வில்லியம்ஸ் வந்தார்.

15 நிமிடத்தில் 35 புள்ளி

1988 ஜனவரி 31. சான் டியாகோ நகரில் சூப்பர் பவுல் என்னும் இறுதிப் போட்டி. வாஷிங்டனை எதிர்த்து டென்வர் குழு. சூப்பர் பவுலில் ஒரு கறுப்பினத்தவர் குவார்ட்டர்பேக்காகத் தொடங்குவது அதுவே முதல் தடவை.

அந்தப் பருவத்தில் வில்லியம்ஸ் தொடக்க ஆட்டக்காரராக இறங்கியது இரண்டே ஆட்டங்களில். இரண்டிலும் தோல்வி. ஆனால் இடையில் மாற்று ஆளாக இறங்கித் தோற்கும் ஆட்டங்களை மீட்டுக் கொடுத்திருந்தார். அதனால் உயர்நிலைச் சுற்றில் கிப்ஸ் அவரையே நம்பினார். இறுதிப் போட்டிக்கு முந்திய நாள் பல்லில் வேர்ச் சிகிச்சை செய்துகொண்டு வந்தார் வில்லியம்ஸ்.

முதல் கால் பகுதியில் டென்வர் 10 புள்ளி எடுத்துவிட்டது. வாஷிங்டனுக்குப் பூஜ்யம். வில்லியம்ஸ் கால் சறுக்கி முழங்கால் பிசகி வெளியேறினார். கதை முடிந்தது என்றார்கள்.

இரண்டாவது கால் பகுதி தொடங்கியதும் நொண்டிக்கொண்டே உள்ளே வந்தார். அந்த 15 நிமிடத்தில் வாஷிங்டன் எடுத்தது 35 புள்ளி. வில்லியம்ஸ் எறிந்த பந்துகளில் நான்கு எல்லையைத் தொட்டன. முடிவு 42 - 10. மொத்தம் 340 கஜம் எறிந்தார். ஆட்ட நாயகன் விருதும் அவருக்கே.

கறுப்பினத்தவருக்குத் தலைமை தாங்கும் அறிவு இல்லை என்ற பொய், அந்த 15 நிமிடத்தில் நாடு பார்க்கப் பொடியாகிவிட்டது.

அதற்குப் பிறகு நடந்ததையும் சொல்ல வேண்டும். 1988-ல் குடல்வால் அறுவை. 1989-ல் முதுகில் காயம். அந்தப் பருவம் முடிந்ததும் குழு அவரை விடுவித்தது. சூப்பர் பவுல் வென்று இரண்டே ஆண்டில் அவருடைய ஆட்ட வாழ்க்கை முடிந்தது. வேறு எந்தக் குழுவுக்கும் அவர் ஆடவில்லை.

கறக்கிற மாட்டுக்குத்தான் தீனி. பால் வற்றினால் கயிற்றை அவிழ்த்து விடுவார்கள். கோப்பை வாங்கிக் கொடுத்தவருக்கே இந்தக் கதி என்றால், பெயர் தெரியாத மற்ற வீரர்களின் நிலையைச் சொல்லவா வேண்டும்?

அடிமட்டத்திலிருந்து மறுபடியும்

வில்லியம்ஸ் உட்கார்ந்துவிடவில்லை. தன் மாநிலத்தில் உயர்நிலைப் பள்ளிப் பிள்ளைகளுக்குப் பயிற்சி கொடுக்கப் போனார். பிறகு கல்லூரிக்கு வந்தார். தொழில்முறைக் குழுவுக்கு ஆள் பார்க்கும் வேலையையும் செய்தார். 1998-ல், ஆசான் ராபின்சன் ஓய்வு பெற்றதும், கிராம்ப்ளிங்கில் அவர் இடத்துக்கே வந்தார். 2000 முதல் 2002 வரை மூன்று ஆண்டும் தொடர்ந்து அந்த வட்டாரப் பட்டத்தை வென்றார்.

அதன்பின் தன்னை அன்று குறைந்த கூலிக்கு வைத்திருந்த டாம்பா குழுவிலேயே வீரர் தேர்வுப் பிரிவில் வேலை பார்த்தார். 2011-ல் மறுபடி கிராம்ப்ளிங். 2013 செப்டம்பரில் அங்கிருந்து நீக்கப்பட்டார். அடுத்த மாதம் கிராம்ப்ளிங் மாணவர்கள் ஒரு வெளியூர் ஆட்டத்துக்குப் போகவே மறுத்துவிட்டார்கள். பயிற்சிக் கூடத்தில் பூஞ்சை பிடித்திருக்கிறது, நெடுந்தூரம் பேருந்தில் அனுப்புகிறார்கள் என்பவை அவர்கள் சொன்ன குறைகளில் சில. ஆட்டம் ரத்தாயிற்று. வீரர்களை எப்படி நடத்துவது என்பதை வீரர்களே கேட்ட நிகழ்ச்சி அது.

2014-ல் வாஷிங்டன் அவரை மறுபடி அழைத்தது. 2017-ல் தேர்வுப் பிரிவின் தலைமை. 2018-ல் வீரர் வளர்ச்சி.

இந்த வரிசையைக் கவனித்துப் பார்க்க வேண்டும். கூலி குறைக்கப்பட்டவர். மனைவியை இழந்த சோகத்தோடு பேரம் பேச நேர்ந்தவர். லீக் மூடி வேலை போனவர். காயத்தோடு வெளியேற்றப்பட்டவர். பயிற்சியாளராகவும் நீக்கப்பட்டவர். ஒரு வீரருக்கு என்னென்ன நேரக்கூடுமோ அத்தனையும் அவருக்கு நேர்ந்திருக்கிறது. வீரர் வளர்ச்சிக்கு இதைவிட வேறு என்ன படிப்பு வேண்டும்?

அந்த வேலை என்ன?

அமெரிக்கத் தொழில்முறைக் கால்பந்துக்கு வரும் இளைஞர் பள்ளி முடித்து மூன்று ஆண்டாவது ஆகியிருக்க வேண்டும். அதனால் பெரும்பாலோர் கல்லூரியிலிருந்து வருகிறார்கள். 2018-ல் கல்லூரியில் அவர்களுக்குச் சம்பளம் கிடையாது. படிப்புச் செலவு மட்டும்தான். நேற்று வரை கையில் காசில்லாத பையன். தொழில்முறைக் குழுவில் இடம் கிடைத்த மறு கணம் குறைந்தபட்சச் சம்பளமே அந்த ஆண்டில் 4 லட்சத்து 80 ஆயிரம் டாலர்.

கேட்டால் வியப்பாக இருக்கும். ஆனால் உள்ளே போய்ப் பார்க்க வேண்டும். அந்தச் சம்பளம் அப்போது ஆட்டப் பருவத்தின் 17 வாரத்தில் 17 தவணையாக வந்தது. மற்ற 35 வாரம் சம்பளம் வரவில்லை. வரி, முகவர் கூலி எல்லாம் போக மிச்சம்தான் கையில். ஒப்பந்தத்தில் நாலு ஆண்டு என்று போட்டிருந்தாலும், பல வீரர்களுக்கு அதில் பெரும் பகுதிக்கு உத்தரவாதம் இல்லை. இடையில் நீக்கினால் மிச்சத் தொகை கிடைக்காது.

கோடையில் ஒரு குழுவின் முகாமில் 90 பேர் இருப்பார்கள். பருவம் தொடங்கும் முன் 53 பேராகக் குறைப்பார்கள். மீதி 37 பேரில் சிலர் பயிற்சிக் குழுவில் ஒட்டிக்கொள்வார்கள். மற்றவர்கள் பெட்டியைக் கட்ட வேண்டியதுதான். நிலைத்தவர்களுக்கும் ஆயுள் நீளமில்லை. ஒரு வீரரின் ஆட்ட வாழ்க்கை சராசரியாக மூன்று ஆண்டுச் சொச்சம்தான் என்று வீரர் சங்கம் சொல்லி வந்திருக்கிறது.

25 வயதில் ஓய்வு! நினைத்துப் பார்க்க முடிகிறதா?

வீரர் வளர்ச்சிப் பிரிவின் வேலை இங்கேதான். பணத்தை எப்படி வைப்பது, யாரை நம்பிக் கையெழுத்துப் போடுவது, விட்ட படிப்பை எப்படி முடிப்பது, சொந்தக்காரர்களின் கேட்புக்கு எப்படி பதில் சொல்வது, மனம் தளர்ந்தால் யாரைப் பார்ப்பது, ஆட்டம் முடிந்தால் என்ன தொழில் செய்வது - இவற்றையெல்லாம் சொல்லிக் கொடுக்க வேண்டும். லீக் அமைப்பு 1997 முதல் புது வீரர்களை ஒரே இடத்தில் கூட்டி வகுப்பு நடத்தி வந்தது. 2016-ல் அதை மாற்றி ஒவ்வொரு குழுவிலும் தனித்தனியே நடத்தச் செய்தது.

வகுப்பு நடந்தால் போதுமா? 2015-ல் அமெரிக்கப் பொருளாதார ஆய்வாளர்கள் வெளியிட்ட ஒரு கணக்கு இருக்கிறது. 1996 முதல் 2003 வரை எடுக்கப்பட்ட வீரர்களைப் பின்தொடர்ந்து பார்த்தார்கள். ஓய்வு பெற்ற 12 ஆண்டுக்குள் ஏறக்குறைய 16 சதவீதம் பேர் திவால் மனு கொடுத்திருந்தார்கள். ஆறு பேருக்கு ஒருவர்! இதில் உற்றுப் பார்க்க வேண்டியது இன்னொன்று. அதிகம் சம்பாதித்தவர், அதிக ஆண்டு ஆடியவர் என்பதால் ஆபத்து பெரிதாகக் குறையவில்லை. பணம் இருந்தது, பணத்தோடு வாழத் தெரியவில்லை. அதைக் கற்றுக் கொடுக்க ஆள் இல்லை.

உடல் நலத்தின் கதை இன்னும் கொடியது. தலையில் பட்ட அடிகளால் மூளை நோய்க்கு ஆளான ஓய்வு பெற்ற வீரர்கள் வழக்குப் போட்டார்கள். 2015-ல் நீதிமன்றம் சமரசத்தை ஏற்றது. 20 ஆயிரத்துக்கும் மேற்பட்ட முன்னாள் வீரர்கள் பதிவு செய்துகொண்டார்கள். அந்த நஷ்டஈட்டுப் பரிசோதனையிலும் ஒரு சூது இருந்தது. கறுப்பின வீரர்களுக்கு இயல்பிலேயே அறிவுத்திறன் அளவு குறைவு என்று வைத்துக்கொண்டு மதிப்பெண் போட்டார்கள். அதனால் அவர்களுக்கு நோய் இருக்கிறது என்று நிரூபிப்பதே கடினமாயிற்று. 2021-ல்தான் அந்த முறையைக் கைவிடுவதாக லீக் அறிவித்தது. 1988-ல் வில்லியம்ஸ் ஆடுகளத்தில் உடைத்த அதே பொய், 33 ஆண்டு கழித்தும் மருத்துவர் மேசையில் உயிரோடு இருந்தது.

ரகசியம் சொன்னால் பாதுகாப்பு உண்டா?

சிலர் கேட்பார்கள்: லட்சக்கணக்கில் சம்பாதிக்கும் வளர்ந்த மனிதர்களுக்குத் தாதி வைத்துப் பார்க்க வேண்டுமா? அவரவர் வாழ்க்கையை அவரவர் பார்த்துக்கொள்ள வேண்டியதுதானே?

கேள்வியில் ஓரளவு நியாயம் உண்டு. ஆனால் அந்தப் பையனின் காலை எழுச்சி முதல் இரவுச் சாப்பாடு வரை பன்னிரண்டு வயதிலிருந்து வேறு யாரோ தீர்மானித்து வந்திருக்கிறார்கள். ஆட்டத்துக்காக அவனை வேறொன்றும் தெரியாதவனாக ஆக்கியதும் அவர்கள்தான். ஆக்கியவர்களுக்கு அதில் பொறுப்பு இல்லையா?

இன்னொரு கேள்வி இதைவிடக் கூர்மையானது. வீரர் வளர்ச்சி அதிகாரிக்குச் சம்பளம் கொடுப்பது குழு. அவரிடம் ஒரு வீரர் போய், "முழங்கால் வலிக்கிறது, யாரிடமும் சொல்லவில்லை" என்கிறார். அல்லது, "கடன் கழுத்தை நெரிக்கிறது, தூக்கம் வரவில்லை" என்கிறார். அந்தச் செய்தி மாடியில் இருக்கும் தேர்வு அதிகாரி காதுக்குப் போனால் என்ன ஆகும்? அடுத்த வாரமே நீக்கல் உத்தரவு வரலாம். இதை அறிந்த எந்த வீரர் வாய் திறப்பார்?

கேட்கும் காதும் வெட்டும் கத்தியும் ஒரே ஆளிடம் இருக்கக் கூடாது. அதனால்தான் வில்லியம்ஸ் தேர்வுப் பிரிவிலிருந்து வளர்ச்சிப் பிரிவுக்கு மாறியதை இறக்கம் என்று சொல்ல முடியாது. தேர்வு நாற்காலியில் இருந்த வரையில் எந்த வீரரும் அவரிடம் மனம் திறந்து பேசியிருக்க மாட்டார். அந்த நாற்காலியை விட்டு எழுந்த பிறகுதான் அவர் பட்ட அனுபவம் இளைஞர்களுக்குப் பயன்படும்.

ஆனால் எழுந்து வந்தவருக்கு அதிகாரமும் கூட வர வேண்டும். பெயரும் அறையும் கொடுத்து, ஒரு வீரரை நீக்கும்போது அவருக்கு அடுத்து என்ன ஏற்பாடு என்று கேட்கும் உரிமையைக் கொடுக்காவிட்டால், அது முன்வரிசை நாற்காலியேதான்.

பதவிப் பலகை மட்டும் ஒரு வீட்டைத் திருத்திவிடாது என்பதற்கு அதே வாஷிங்டன் குழுவே சாட்சி. 2020 ஜூலையில், அந்தக் குழுவின் அலுவலகத்தில் வேலை பார்த்த 15 பெண்கள் பாலியல் தொல்லைக்கு ஆளானதாக ஒரு பத்திரிகையிடம் கூறினார்கள். வில்லியம்ஸ் பெயர் அந்தப் புகார்களில் இல்லை. 2021 ஜூலையில் லீக் அமைப்பு அந்தக் குழுவுக்கு 1 கோடி டாலர் அபராதம் விதித்தது. ஆடுகிறவர்களை வளர்க்க ஒரு துறை இருந்தது. அலுவலகத்தில் உழைத்தவர்களைக் காக்க யாரும் இல்லை. அந்த ஆண்டு வில்லியம்சைக் குழுத் தலைவரின் மூத்த ஆலோசகராக ஆக்கினார்கள்.

இந்திய அனுபவம்

அமெரிக்கக் கதைதானே, இங்கு என்ன என்று ஒதுக்கிவிட வேண்டாம். இந்தியாவில் விளையாட்டு வீரர்களுக்கு ரயில்வே பெரிய ஆலமரம். ரயில்வேயின் விளையாட்டு அமைப்பு 1928-ல் தோன்றியது. விளையாட்டு ஒதுக்கீட்டில் வேலை பெற்று உயர்ந்தவர்கள் எத்தனையோ பேர். மகேந்திரசிங் தோனி 2001 முதல் 2003 வரை கரக்பூரில் டிக்கெட் பரிசோதகராக இருந்தவர்தான்.

25 வயதில் கைவிடப்படும் அமெரிக்க வீரரோடு ஒப்பிட்டால், 60 வயது வரை சம்பளம் என்பது எவ்வளவு பெரிய பாதுகாப்பு! இதை மறுக்க முடியாது.

ஆனால் வேலை கொடுத்துவிட்டால் வளர்ச்சி ஆகிவிடுமா? ஒதுக்கீட்டில் சேர்ந்தவர் பத்து ஆண்டு பயிற்சிக்கும் போட்டிக்கும் போய் வருகிறார். வருகைப் பதிவேட்டில் பெயர் இருக்கும். மேசையில் ஆள் இருக்க மாட்டார். அது முறைதான். காயம் பட்டு ஆட்டம் நின்றதும் ஒரு நாள் மேசைக்கு வருகிறார். உடன் சேர்ந்தவர்கள் துறைத் தேர்வு எழுதி மேலே போயிருப்பார்கள். அவருக்குக் கோப்பும் தெரியாது, விதியும் தெரியாது. நேற்று கைதட்டியவர்கள் இன்று முணுமுணுப்பார்கள். அவர் மனம் என்ன பாடுபடும்?

ரயில் நிலையத்தில் ஏறுகிறவருக்கு ஆயிரம் விசாரணை உண்டு. எந்த ஊர், எந்த வகுப்பு, எத்தனை பேர் என்று கேட்டுச் சீட்டுக் கொடுப்பார்கள். இறங்குகிறவரிடம் சீட்டை வாங்கிக்கொண்டு விடுவதோடு சரி. எங்கே போகிறாய் என்று யாரும் கேட்பதில்லை. விளையாட்டு நிர்வாகங்கள் பல இன்றும் வீரர்களை இப்படித்தான் நடத்துகின்றன. அது பணக்கார அமெரிக்கக் குழுவானாலும் சரி, இந்தியப் பொதுத்துறையானாலும் சரி.

செய்ய வேண்டியது என்ன?

முதலாவது, வளர்ச்சிப் பணி வீரர் சேரும் முதல் நாளே தொடங்க வேண்டும். வெளியேறும் நாளில் கொடுக்கும் அறிவுரை, ரயில் போன பிறகு கொடுக்கும் டிக்கெட்.

இரண்டாவது, அந்தப் பணிக்குப் பட்டு விழுந்து எழுந்தவர்களை அமர்த்த வேண்டும். கோப்பை வென்றவர் என்பது மட்டும் தகுதி ஆகாது. தோற்றபோதும் நீக்கப்பட்டபோதும் எப்படி நடந்துகொண்டார் என்பதையும் பார்க்க வேண்டும்.

மூன்றாவது, அவர் தேர்வுக் கூட்டத்தில் உட்காரக் கூடாது. வீரர் அவரிடம் சொன்னது அவரோடு நிற்க வேண்டும். அதே சமயம், நிர்வாகத் தலைமையிடம் நேராகப் பேசும் உரிமை அவருக்கு வேண்டும். பணமும் ஒதுக்க வேண்டும்.

நான்காவது, கணக்குப் பார்க்கும் முறை மாற வேண்டும். எத்தனை கோப்பை என்பதோடு, பத்து ஆண்டுக்கு முன் ஆடியவர்கள் இன்று என்ன செய்கிறார்கள் என்ற பட்டியலையும் ஒவ்வொரு குழுவும் ஆண்டுதோறும் வைக்க வேண்டும். அந்தப் பட்டியலை வெளியிடத் துணிவுள்ள நிர்வாகத்தையே நல்ல நிர்வாகம் என்று சொல்லலாம்.

ஒரு வீரரைத் தேர்ந்தெடுக்க நல்ல கண் இருந்தால் போதும். ஜோ கிப்சுக்கு 1978-ல் அந்தக் கண் இருந்தது. ஆனால் கிப்ஸ் பார்ப்பதற்கு முன்பே வில்லியம்சை உருவாக்கியவர் ஒருவர் இருந்தார். விடியலில் மணியடித்து எழுப்பி வகுப்புக்கு அனுப்பிய எட்டி ராபின்சன் அவர். துணைத் தலைவர் என்று யாரும் அவரை அழைத்ததில்லை. அவர் செய்த வேலைதான், பல ஆண்டு கழித்து ஒரு பெரிய பதவியின் பெயரில் வில்லியம்ஸ் கைக்கு வந்தது.

பிள்ளைகளை மைதானத்துக்கு அனுப்பும் பெற்றோர் ஒவ்வொருவரும் பயிற்சியாளரிடம், "என் பையனை அணியில் எடுப்பீர்களா?" என்று மட்டும் கேட்கிறார்கள். "எடுக்காவிட்டால் என்ன ஆவான்? ஆடி முடித்த பிறகு என்ன ஆவான்?" என்றும் சேர்த்துக் கேட்கத் தொடங்கினால், பதில் சொல்லும் பொறுப்பு நிர்வாகங்களுக்குத் தானாக வரும்.